வந்த நினைப்புக்கு நீங்கள் பொறுப்பா?

தென் மாவட்டம் ஒன்றிலிருந்து ஒரு சகோதரி ஒன்பது பக்கத்துக்குக் கடிதம் எழுதியிருக்கிறார். ஆளை அடையாளம் காட்டக்கூடிய எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, விஷயத்தை மட்டும் சுருக்கித் தருகிறேன்.

வயது 29. அரசுப் பள்ளியில் தமிழாசிரியை. முதல் பிரசவம், பெண் குழந்தை, இப்போது மூன்றரை மாதம். மகப்பேறு விடுப்பில் அம்மா வீட்டில் இருக்கிறார். கணவருக்கு வெளியூரில் வேலை, வாரக் கடைசியில் வந்துபோகிறார். குழந்தைக்கு ஐம்பது நாள் ஆனபோது ஒரு மதியம் இவர் அடுக்களையில் வாழைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். கூடத்தில் தொட்டிலில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. 'இந்த அரிவாள்மனையால் குழந்தையை ஏதாவது செய்துவிட்டால்?' என்று ஒரு காட்சி, படம் பிடித்தது போல, கண்முன் வந்து போயிருக்கிறது. கை நடுங்கி, காயை அப்படியே போட்டுவிட்டு எழுந்து ஓடியிருக்கிறார்.

அன்றிலிருந்து அரிவாள்மனை பரணில் கிடக்கிறது. குழந்தையைத் தூக்கிக்கொண்டு மாடிப்படி ஏறுவதில்லை. குளிப்பாட்டுவதை அம்மாவிடம் விட்டுவிட்டார். குழந்தை மூச்சு விடுகிறதா என்று ராத்திரி பத்துப் பதினைந்து தடவை எழுந்து மூக்கருகில் விரல் வைத்துப் பார்க்கிறார். கந்த சஷ்டி கவசம் படிக்கிறார். நடுவில் அந்த நினைப்பு வந்துவிட்டால் முதல் வரியிலிருந்து மறுபடி ஆரம்பிக்கிறார். சில நாள் ஒன்றரை மணி நேரம் ஆகிறதாம். "நான் கெட்டவளாம்மா?" என்று அம்மாவிடம் தினமும் கேட்கிறார். அம்மா காரணம் தெரியாமல், பச்சை உடம்புக்காரிக்குக் காத்து கருப்பு பட்டிருக்கும் என்று மந்திரித்துக் கயிறு கட்டிவிட்டார். கணவருக்கு எதுவும் தெரியாது.

கடிதத்தின் கடைசிப் பகுதியை அவர் சொற்களிலேயே தருகிறேன்: "நான் என் குழந்தையைக் கொல்வதாக நினைக்கிறேன். 'உள்ளத்தால் உள்ளலும் தீதே' என்று பிள்ளைகளுக்குப் பாடம் நடத்தியவள் நான். நினைத்ததே பாவம் என்றால், நான் ஏற்கெனவே பாவம் செய்தவள்தானே? மனதின் அடியில் ஆசை இல்லாமல் நினைப்பு வருமா? டாக்டரிடம் சொன்னால் குழந்தையை என்னிடமிருந்து பிரித்துவிடுவார்களா? வேலை போய்விடுமா? நான் குழந்தையை ஒன்றும் செய்யமாட்டேன் என்று நீங்கள் உறுதியாக எழுதிக் கொடுத்தால், அதை வைத்துக்கொண்டு காலத்தை ஓட்டிவிடுவேன்."

அன்புள்ள சகோதரி,

இதை எழுத உங்களுக்கு எவ்வளவு தைரியம் தேவைப்பட்டிருக்கும் என்று எனக்குத் தெரியும். இப்படி எண்ணம் வரும் தாய்மார்கள் பலர் ஆண்டுக்கணக்கில் ஒருவரிடமும் வாய் திறப்பதில்லை. சிலர் இரண்டாவது குழந்தை வேண்டாம் என்று முடிவெடுப்பதற்கு உண்மையான காரணமே இதுதான். அது கூட இருப்பவர்களுக்குக் கடைசிவரை தெரியாது. நீங்கள் மூன்றரை மாதத்திலேயே எழுதிவிட்டீர்கள்.

கடிதத்தை மட்டும் வைத்து யாருக்கும் நோயின் பெயரை எழுதிக் கொடுக்க முடியாது. நேரில் ஒரு மனநல மருத்துவர் உங்களோடு உட்கார்ந்து பேசித்தான் முடிவு செய்ய வேண்டும். ஆனால் நீங்கள் விவரித்திருப்பது, எங்கள் மனநலத் துறையில் எண்ண சுழற்சி நோய் என்றும் ஓசிடி என்றும் சொல்லும் நிலையோடு, அதாவது வேண்டாத நினைப்பு திரும்பத் திரும்ப வந்து, அதைத் தணிக்க ஒரே செயலைத் திரும்பத் திரும்பச் செய்ய வைக்கும் நிலையோடு, நன்றாகப் பொருந்துகிறது. பிரசவத்தை ஒட்டிய மாதங்களில் அது புதிதாகத் தலைகாட்டுவதும், ஏற்கெனவே லேசாக இருந்தது முற்றுவதும் மருத்துவர்களுக்குப் பழக்கமான விஷயம். அதற்குச் சிகிச்சை இருக்கிறது. பெரும்பாலானவர்களுக்கு அது நன்றாகவே பலன் தருகிறது.

இனி உங்கள் கேள்விகளுக்கு வருகிறேன். நீங்கள் தமிழாசிரியை என்பதால் இலக்கணத்திலிருந்தே ஆரம்பிக்கலாம்.

'நான் நினைக்கிறேன்' என்ற வாக்கியம்

"நான் என் குழந்தையைக் கொல்வதாக நினைக்கிறேன்" என்று எழுதியிருக்கிறீர்கள். நடந்ததை இந்த வாக்கியம் சரியாகச் சொல்லவில்லை.

நம் மொழியில் நாமாகச் செய்வதற்கு 'நான்' போடுகிறோம்: நான் படித்தேன், நான் நறுக்கினேன். நம்மைக் கேட்காமல் நமக்குள் நடப்பதற்கு 'எனக்கு' போடுகிறோம்: எனக்குப் பசிக்கிறது, எனக்குத் தூக்கம் வருகிறது, எனக்குத் தலை சுற்றுகிறது. பசியை யாரும் 'நான் செய்தேன்' என்று சொல்வதில்லை. நினைப்பிலும் இந்த இரண்டு வகை உண்டு. நாளைக்கு என்ன பாடம் நடத்தலாம் என்று உட்கார்ந்து யோசிப்பது நீங்கள் செய்வது. வாழைக்காய் நறுக்கும்போது சொல்லாமல் கொள்ளாமல் ஒரு காட்சி வந்து நிற்பது உங்களுக்கு நேர்வது. "எனக்கு அப்படி ஒரு நினைப்பு வருகிறது" என்பதுதான் நடந்ததைச் சொல்லும் வாக்கியம்.

இதை வெறும் சொல் விளையாட்டாக எடுத்துக்கொள்ளாதீர்கள். மனித மனத்துக்கு ஒரு விசேஷமான திறமை இருக்கிறது. அது நினைப்பதோடு நிற்பதில்லை, தன் நினைப்பையே எடுத்து வைத்து அதைப் பற்றியும் நினைக்கிறது. 'இது எனக்குத் தெரியும்', 'இதை மறந்துவிட்டேன்', 'இப்படி ஏன் தோன்றியது?' என்பதெல்லாம் அந்த இரண்டாவது அடுக்கின் வேலை. அமெரிக்க உளவியலாளர் ஜான் ஃப்ளேவெல் 1970களில் இதற்கு மெட்டாகாக்னிஷன் என்று பெயர் வைத்தார். தமிழில் நினைப்பைப் பற்றிய நினைப்பு. ஒரு பாடம் புரிந்ததா இல்லையா என்று உங்கள் மாணவன் தனக்குத்தானே சோதித்துக்கொள்வது இதனால்தான். அதே திறமைதான் இப்போது உங்களைப் படுத்துகிறது. முதல் அடுக்கில் வந்தது ஒரு நொடிக் காட்சி. இரண்டாவது அடுக்கில் நீங்கள் அதற்கு ஒரு தீர்ப்பு எழுதினீர்கள்: 'இப்படி வருகிறதென்றால் நான் கொலைகாரி.' இரண்டு மாதமாக உங்களைத் தூங்கவிடாமல் வைத்திருப்பது அந்தத் தீர்ப்பு.

உங்கள் மகள் வளர்ந்துவரும்போது இதைக் கண்ணால் பார்ப்பீர்கள். 1983-இல் ஆஸ்திரிய உளவியலாளர்கள் ஹைன்ஸ் விம்மரும் யோசஃப் பெர்னரும் சிறு குழந்தைகளுக்கு ஒரு கதை சொன்னார்கள். ஒரு பையன் சாக்லேட்டை ஓர் அலமாரியில் வைத்துவிட்டு விளையாடப் போகிறான். அவன் இல்லாதபோது அம்மா அதை வேறு அலமாரிக்கு மாற்றிவிடுகிறாள். திரும்பி வந்தவன் எங்கே தேடுவான்? மூன்று வயதுக் குழந்தையிடம் இதுபோல் கேட்டால், பெரும்பாலும் சாக்லேட் இப்போது இருக்கும் இடத்தையே காட்டும். அவன் மனதில் இருப்பதும் வெளியே இருப்பதும் வேறாக இருக்கலாம் என்பது அதற்கு இன்னும் எட்டவில்லை. நான்கு, ஐந்து வயதைத் தாண்டும்போது, 'அவன் வைத்த இடத்தில்தான் தேடுவான், பாவம், அவனுக்குத் தெரியாதே' என்று சொல்ல ஆரம்பிக்கும். மனதிலிருப்பது ஒரு படம், உலகம் வேறு என்ற புரிதல் அப்படித்தான் படிப்படியாக வருகிறது.

உங்களுக்கும் அது எப்போதோ வந்துவிட்டது. பக்கத்து வீட்டுப் பெண் இதே நினைப்பைச் சொல்லி அழுதிருந்தால், "சும்மா ஒரு நினைப்புதானே, விடு" என்றுதான் சொல்லியிருப்பீர்கள். ஆனால் பயம் உச்சிக்கு ஏறும்போது, தன் விஷயத்தில் மட்டும் அந்தக் கோடு அழிந்துவிடுகிறது. மனதில் ஓடும் படம், நடந்துவிட்ட சம்பவம் போலவே உடம்பை உலுக்குகிறது.

ஆசை இல்லாமல் நினைப்பு வருமா?

வரும். ஏறக்குறைய எல்லோருக்கும் வருகிறது.

1978-இல் ஸ்டான்லி ராக்மன், பத்மல் டி சில்வா என்ற இரு உளவியலாளர்கள் எந்த மனநோயும் இல்லாத சாதாரண ஆட்களிடம், 'வேண்டாத, அருவருப்பான, பயங்கரமான நினைப்புகள் திடீரென்று வருவதுண்டா?' என்று கேட்டார்கள். ஐந்தில் நான்கு பேர் உண்டு என்றார்கள். 2014-இல் வெளியான ஓர் ஆய்வில் 13 நாடுகளைச் சேர்ந்த 777 கல்லூரி மாணவர்களிடம் விசாரித்தபோது, கடந்த மூன்று மாதத்தில் அப்படி ஒரு நினைப்பாவது வந்ததாகச் சொன்னவர்கள் சுமார் 94 சதவீதம். உங்களுக்கு இன்னும் நெருக்கமான ஆய்வு 2008-இல் கனடாவில் வெளியானது. புதிதாகக் குழந்தை பெற்ற 100 பெண்களிடம் கேட்டார்கள். குழந்தைக்கு ஏதாவது விபத்து நேர்ந்துவிடுமோ என்ற வேண்டாத நினைப்பு அத்தனை பேருக்கும் வந்திருந்தது. தானே குழந்தைக்கு ஏதாவது செய்துவிடுவது போன்ற நினைப்பு ஏறத்தாழ பாதிப் பேருக்கு வந்திருந்தது.

என்னையும் சேர்த்துக்கொள்ளுங்கள். என் மகன் கைக்குழந்தையாக இருந்தபோது நாங்கள் மூன்றாவது மாடியில் குடியிருந்தோம். ஒரு சாயங்காலம் அவனைத் தோளில் போட்டுக்கொண்டு பால்கனியில் நின்றபோது, 'கையை விட்டால்?' என்று ஒரு நினைப்பு. வயிற்றைக் கலக்கியது. இரண்டடி பின்னால் வந்து நின்றேன். மனநலப் படிப்பைப் படித்திருந்ததால், அழையாமல் நுழையும் எண்ணம் (இன்ட்ரூசிவ் தாட்) என்று அதற்கு ஒரு பெயர் இருப்பது தெரிந்திருந்தது. அதனால் அது அன்றோடு போயிற்று. உங்களுக்கு அந்தப் பெயரை யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை.

பச்சைக் குழந்தையைக் காப்பாற்றும் பொறுப்பு கைக்கு வந்ததும், மூளை எல்லாத் திசையிலும் ஆபத்தைத் தேட ஆரம்பிக்கிறது. கத்தி ஆபத்து, தண்ணீர் ஆபத்து, உயரம் ஆபத்து. அந்தப் பட்டியலில் 'என் கையே ஆபத்தாகிவிட்டால்?' என்பதும் ஒரு வரியாக வந்து சேருகிறது. ஒருவருக்கு எது ரொம்ப முக்கியமோ, அதைச் சுற்றித்தான் இந்த நினைப்புகள் வட்டமிடும். பக்தி உள்ளவருக்குச் சாமி சன்னதியில் கெட்ட வார்த்தை தோன்றும். யார் மனதையும் புண்படுத்தாதவருக்கு அடுத்தவரை அடித்துவிடுவோமோ என்று தோன்றும். தாய்க்குக் குழந்தையைப் பற்றித் தோன்றும்.

வள்ளுவர் உங்களைக் குற்றம் சொல்லவில்லை

இந்தப் பகுதியில் கொஞ்சம் நிதானமாக நிற்க வேண்டும், ஏனென்றால் உங்களை அதிகம் குத்துவது இந்தக் குறள் என்று கடிதத்தைப் படிக்கும்போதே தெரிந்தது.

"உள்ளத்தால் உள்ளலும் தீதே பிறன்பொருளைக்
கள்ளத்தால் கள்வேம் எனல்."

முதல் நான்கு சீர்களுக்குள் முதல் மூன்றை மட்டும் பிடித்துக்கொண்டு உங்களை நீங்களே அடித்துக்கொள்கிறீர்கள். முழுக் குறளையும் வகுப்பில் நடத்துவது போல நடத்திப் பாருங்கள். இது கள்ளாமை அதிகாரம், துறவறவியலில் வருவது. தீது என்று சொல்லப்படும் உள்ளல் எது? அடுத்த அடியிலேயே விளக்கம் இருக்கிறது: 'கள்வேம் எனல்'. கள்வேம் என்பது தன்மைப் பன்மை எதிர்கால வினைமுற்று. 'எடுத்துவிடுவோம்' என்று ஒருவன் தனக்குள் தீர்மானிக்கிறான். 'கள்ளத்தால்' என்பதில் யாருக்கும் தெரியாமல் எப்படி எடுப்பது என்ற யோசனையும் இருக்கிறது. உள்ளல் என்பதும் ஒருவன் செய்யும் செயலைக் குறிக்கும் தொழிற்பெயர். அடுத்தவர் கழுத்துச் சங்கிலியைப் பார்த்தபோது 'எடுத்தால் என்ன' என்று ஒன்று பளிச்சென்று தோன்றி, தோன்றியதும் திடுக்கிட்டுப்போனவனைப் பற்றி இந்தக் குறள் பேசவே இல்லை.

உங்களுக்குள் 'செய்வேம்' என்று ஒரு குரல் இருந்ததா? கடிதம் முழுக்கத் தேடினேன். 'செய்துவிடுவேனோ' என்றுதான் இருக்கிறது. ஒன்பது பக்கத்திலும் அந்த ஓகாரம் வருகிறது. அது திட்டம் போடுகிறவரின் ஓகாரமாக எனக்குப் படவில்லை. பயந்துபோன ஒரு தாயின் குரலாகத்தான் கேட்டது.

நினைப்பையும் செயலையும் ஒன்றாக ஒட்டிப் பார்க்கும் இந்தப் பிழையை 1990களில் ராக்மனும் ரோஸ் ஷஃப்ரனும் விரிவாக ஆராய்ந்தார்கள். அது இரண்டு விதமாக வரும் என்றார்கள். ஒன்று, நினைத்தாலே செய்த பாவம் வந்துவிட்டது என்று எண்ணுவது. இன்னொன்று, நினைத்தால் அது நடந்துவிடும் என்று எண்ணுவது. இரண்டாவதற்கு நம் வீடுகளில் தண்ணீர் ஊற்றி வளர்த்திருக்கிறோம். 'வாயில் நல்ல வார்த்தை வராதா', 'கருநாக்கு', 'ததாஸ்து தேவதை அப்படியே ஆகட்டும் என்று சொல்லிவிடும்' என்றெல்லாம் கேட்டு வளர்ந்தவர்கள்தான் நாம் எல்லோரும். சாதாரண நாளில் இதெல்லாம் காதில் விழுந்து போய்விடும். தூக்கமில்லாத ஒரு பச்சை உடம்புக்காரியின் மனதில் இது வேர் பிடித்துவிடுகிறது.

அடக்கினால் ஏன் அதிகமாகிறது?

மருந்து சாப்பிடும்போது குரங்கை நினைக்காதே என்று சொல்வார்கள் இல்லையா? அதுவரை குரங்கு ஞாபகமே இருந்திருக்காது. சொன்ன பிறகு மருந்தை எடுத்தாலே குரங்கு வந்து உட்காரும். 1987-இல் அமெரிக்காவில் டேனியல் வெக்னர் என்ற உளவியலாளர் ஏறக்குறைய இதையே சோதனையாகச் செய்தார். குரங்குக்குப் பதில் வெள்ளைக் கரடி. ஐந்து நிமிடம் வெள்ளைக் கரடியை நினைக்கக் கூடாது, நினைப்பு வந்தால் மணி அடிக்க வேண்டும். மணி அடித்துக்கொண்டே இருந்தது. அதைவிட முக்கியமானது அடுத்த கட்டம். இப்போது தாராளமாக நினைக்கலாம் என்று விட்டபோது, முதலில் அடக்கி வைத்தவர்களுக்கு, அடக்காதவர்களைவிட அதிகமாகக் கரடி வந்தது.

கவசத்தை முதல் வரியிலிருந்து மறுபடி ஆரம்பிக்கும்போது நீங்கள் செய்வது இதுதான். 'வந்துவிட்டதா, வந்துவிட்டதா' என்று உள்ளே ஒரு காவலாளியை நிறுத்தியிருக்கிறீர்கள். எதைத் தேட வேண்டும் என்று தெரிவதற்காக, அவன் அந்த நினைப்பையே கையில் வைத்துக்கொண்டு நிற்கிறான். அப்புறம் எப்படி அது போகும்? மதயானையை வசமாக்கலாம், கரடியின் வாயையும் புலியின் வாயையும் கட்டலாம், சிந்தையை அடக்கிச் சும்மா இருக்கிற திறம் அரிது என்று பாடியவர் தாயுமானவர். அவருக்கே அரிதாக இருந்ததை, இரண்டு மணி நேரம்கூடச் சேர்ந்தாற்போல் தூங்காத நீங்கள் அடுக்களையில் நின்றுகொண்டு செய்ய வேண்டும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

கவசம் படிப்பதை நிறுத்தச் சொல்லவில்லை. பக்தியோடு ஒரு தடவை படியுங்கள். நடுவில் எந்த நினைப்பு வந்தாலும் வரட்டும், அடுத்த வரிக்குப் போய்விடுங்கள்.

இன்னொன்று. 'அரிவாள்மனையைப் பரணில் வைத்ததால்தான் இதுவரை ஒன்றும் ஆகவில்லை' என்று எழுதியிருக்கிறீர்கள். ஒவ்வொரு ராத்திரியும் வீட்டைச் சுற்றி ஏழு தடவை நடந்துவிட்டு, அதனால்தான் திருடன் வரவில்லை என்று ஒருவர் நம்பினால், அவர் நடப்பதை நிறுத்தும் நாள் வரவே வராது. திருடன் வரும் எண்ணத்திலேயே இல்லை என்பதைத் தெரிந்துகொள்ள அவருக்கு வாய்ப்பே கிடைக்காது. ஒதுங்கி ஒதுங்கிப் போவதால் உங்களுக்குக் கிடைக்காமல் போவது அந்த வாய்ப்புதான். முதலில் அரிவாள்மனை, அப்புறம் மாடிப்படி, அப்புறம் குளியல் என்று வீடு சுருங்கிக்கொண்டே வருவதை நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

ஒரு எச்சரிக்கை

இதை உங்களுக்காக மட்டும் எழுதவில்லை. இந்தப் பக்கத்தைப் படிக்கும் மற்ற குடும்பங்களும் கவனிக்க வேண்டும். பிரசவத்துக்குப் பிறகு வரும் தீவிர மனநோய் (போஸ்ட்பார்ட்டம் சைக்கோசிஸ்) என்று இன்னொரு நிலை இருக்கிறது. ஆயிரம் பிரசவங்களில் ஒன்றிரண்டில் வருவது. பெரும்பாலும் முதல் சில வாரங்களில் திடீரென்று ஆரம்பிக்கும். அதில் நினைப்பைப் பற்றிய பயம் இருக்காது. நினைப்பு உண்மை என்ற நம்பிக்கை இருக்கும். குழந்தையை மாற்றிவிட்டார்கள், குழந்தைக்குள் ஏதோ புகுந்திருக்கிறது என்று பேசுவது, 'இதைச் செய்' என்று குரல் கேட்பது, நாள்கணக்கில் தூங்காமலேயே களைப்பில்லாமல் இருப்பது, பேச்சும் நடத்தையும் குழம்புவது இவையெல்லாம் அதன் அடையாளங்கள். இதற்கு அவசர சிகிச்சை தேவை. அன்றைக்கே 108-ஐ அழைத்து அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். தாயையும் குழந்தையையும் தனியாக விடக் கூடாது.

உங்கள் கடிதத்தில் இவற்றில் எதுவும் இல்லை. ஆனால் 'செத்துப்போனால் குழந்தையாவது பிழைக்கும்' என்று ஓரிடத்தில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள். அந்த வரியை நான் கடந்து போக மாட்டேன். அந்த எண்ணம் மறுபடி வந்தால், எந்த நேரமாக இருந்தாலும், அம்மாவை எழுப்பிச் சொல்லுங்கள். 14416 என்ற டெலி மானஸ் (அரசின் மனநல உதவி) எண்ணைக் கூப்பிடுங்கள். 24 மணி நேரமும் இலவசம், தமிழிலேயே பேசலாம். மருத்துவரைப் பார்க்கும்போது முதல் வேலையாக இதைச் சொல்லுங்கள்.

குழந்தையும் வேலையும்

குழந்தையைப் பிரித்துவிடுவார்களோ என்ற பயம்தான் உங்கள் வாயை அடைத்து வைத்திருக்கிறது. சட்டம் என்ன சொல்கிறது என்று பார்க்கலாம். 2017-ஆம் ஆண்டின் மனநலப் பாதுகாப்புச் சட்டம் நடைமுறையில் இருக்கிறது. அதன் 21-ஆம் பிரிவின்படி, ஒரு பெண் மனநல மருத்துவமனையில் தங்கிச் சிகிச்சை பெற்றால்கூட, மூன்று வயதுக்குட்பட்ட அவள் குழந்தையைச் சாதாரணமாக அவளிடமிருந்து பிரிக்கக் கூடாது. குழந்தைக்கு உண்மையான ஆபத்து இருக்கிறது, அல்லது குழந்தையின் நலனுக்கும் பாதுகாப்புக்கும் அது தேவை என்று மருத்துவர் பரிசோதித்துக் கருதினால் மட்டும் தற்காலிகமாகப் பிரிக்கலாம். அதையும் 15 நாளுக்கு ஒரு முறை மறுபரிசீலனை செய்ய வேண்டும். நீங்கள் விவரித்திருப்பது போன்ற நிலைக்குப் பெரும்பாலும் மருத்துவமனையில் தங்க வேண்டிய தேவையே வராது. வெளிநோயாளியாக வந்து, பார்த்துவிட்டு, வீட்டுக்குப் போகலாம்.

23-ஆம் பிரிவு உங்கள் விவரங்களை ரகசியமாக வைக்கச் சொல்கிறது. யாருக்காவது ஆபத்து ஏற்படும் நிலை போன்ற சில விலக்குகள் உண்டு. அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். உங்கள் சிகிச்சை பற்றிப் பள்ளிக்கு மருத்துவர் தகவல் அனுப்புவது என்ற பேச்சுக்கே இடமில்லை. மனநோய் இருப்பதாக முடிவு செய்யப்படுவதால் மட்டுமே ஒருவரைப் புத்தி சுவாதீனம் இல்லாதவர் என்று கருத முடியாது என்று அதே சட்டம் 3-ஆம் பிரிவில் சொல்கிறது. விடுப்பு முடிந்து வகுப்பறைக்குத் திரும்பலாம்.

கணவரிடம் சொல்வதா? சொல்லுங்கள் என்பதுதான் என் கருத்து. ஆனால் ராத்திரி போனில் வேண்டாம். மருத்துவரைப் பார்க்கும்போது அவரையும் உள்ளே கூப்பிட்டு, மருத்துவரே விளக்கும்படி ஏற்பாடு செய்துகொள்ளுங்கள். 'குழந்தையைக் கொல்ல நினைக்கிறேன்' என்ற வாக்கியத்தை முதல் தடவை கேட்பவர் மிரண்டுபோவார். 'எனக்கு இப்படி ஒரு பயம் வருகிறது, அதற்கு வைத்தியம் இருக்கிறது' என்று கேட்டால் கூட நிற்பார்.

சிகிச்சை எப்படி இருக்கும்?

மாவட்டத் தலைமை மருத்துவமனையிலோ அருகிலுள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலோ மனநலப் பிரிவு இருக்கும். தைராய்டு, ரத்தச்சோகை இரண்டையும் முதலில் பரிசோதிக்கச் சொல்வார்கள். பிரசவத்துக்குப் பின் இவை படபடப்பைக் கூட்டும். பேச்சு சிகிச்சையில் நீங்கள் ஒதுக்கி வைத்தவற்றைப் படிப்படியாகத் திரும்ப எடுக்கக் கற்றுக்கொடுப்பார்கள். பயம் வந்தாலும் சரிபார்க்காமல், மந்திரம் சொல்லாமல், அம்மாவைக் கேட்காமல் கொஞ்ச நேரம் அதோடு இருந்து பார்ப்பது அதன் மையம். பயம் தானாக இறங்குவதையும், இறங்காத நாளில்கூட அதோடு வேலை பார்க்க முடிவதையும் நீங்களே காண்பீர்கள்.

மருந்து தேவைப்பட்டால் பால் கொடுக்கும் தாய்மார்களுக்கு அடிக்கடி தேர்ந்தெடுக்கப்படுவது செர்ட்ரலின். தாய்ப்பாலில் அது மிகக் குறைவாகவே கலக்கிறது. இந்த நோய்க்கு அது முழுதாக வேலை செய்ய 8 முதல் 12 வாரம் ஆகலாம். இரண்டு வாரத்தில் பலனில்லை என்று நிறுத்திவிடாதீர்கள். அதே மாதிரி, இதைப் படித்துவிட்டு மருந்துக்கடையில் நீங்களாக வாங்கவும் வேண்டாம். அம்மா கட்டிய கயிறு கையில் இருக்கட்டும், அதனால் ஒன்றும் கெட்டுவிடாது. கூடவே மருத்துவரிடமும் போங்கள்.

அதுவரை ஒரு சின்னப் பயிற்சி. அந்த நினைப்பு வரும்போது அதோடு வாதாடாதீர்கள், விரட்டாதீர்கள். அதன் பின்னால் ஒரு 'என்று' சேருங்கள். 'குழந்தைக்கு ஏதாவது செய்துவிடுவேனோ' என்று நிறுத்தினால் அது உலகத்தைப் பற்றிய செய்தி போல இருக்கிறது. "'குழந்தைக்கு ஏதாவது செய்துவிடுவேனோ' என்று ஒரு நினைப்பு வந்திருக்கிறது" என்று முடித்துப் பாருங்கள். மேற்கோள் குறிக்குள் அது உட்கார்ந்துவிடும். நீங்கள் குறிக்கு வெளியே நிற்பீர்கள். பிறகு கையிலிருந்த வேலையைத் தொடருங்கள். ஒரு நாளைக்கு நூறு தடவை வந்தால் நூறு தடவையும் ஒரே ஒரு 'என்று'. ஆனால் 'இத்தனை தடவை சொன்னால்தான் பாதுகாப்பு' என்று அதையும் கவசம் போல ஆக்கிவிடாதீர்கள்.

எழுதிக் கொடுக்கச் சொன்னது பற்றி

நீங்கள் குழந்தையை ஒன்றும் செய்யமாட்டீர்கள் என்று உறுதி எழுதிக் கொடுக்கச் சொன்னீர்கள். நான் எழுதித் தரப்போவதில்லை. உங்கள் மேல் சந்தேகம் இருப்பதால் அப்படிச் சொல்வதாக நினைக்காதீர்கள். அம்மா தினமும் "நீ நல்லவதாண்டி" என்று சொல்கிறார். அந்த நிம்மதி எத்தனை நேரம் நிற்கிறது? கடிதத்தில் நீங்களே எழுதியிருக்கிறீர்கள்: "அரை மணி நேரம்." என் கையெழுத்துக்கு அதைவிடக் கொஞ்சம் அதிக ஆயுள் இருக்கலாம், இரண்டு நாள். மூன்றாம் நாள் 'டாக்டருக்கு நான் எல்லாவற்றையும் சொல்லவில்லையோ' என்று தோன்றும். உறுதிமொழி கேட்பதும் இந்த நோயின் ஓர் அங்கம்தான். அதற்குத் தீனி போட எனக்கு மனமில்லை. இந்தப் பதிலைக்கூட ஒரு முறை படியுங்கள், வேண்டுமானால் மருத்துவரிடம் காட்ட இன்னொரு முறை. ராத்திரியில் எடுத்துத் தடவித் தடவிப் படிக்க வேண்டாம்.

அதற்குப் பதிலாக உங்கள் கையில் ஒன்று கொடுக்க விரும்புகிறேன். அரிவாள்மனையை இப்போதைக்குப் பரணிலேயே விடுங்கள். அதை மருத்துவரோடு சேர்ந்து ஒருநாள் இறக்கலாம். மருத்துவரைப் பார்த்து, அவர் சரி என்றதும், குளியலில் ஆரம்பியுங்கள். ஒரு காலை, அம்மா காலை நீட்டி உட்கார்ந்து குழந்தையைக் காலில் போட்டு எண்ணெய் தேய்க்கும்போது, பக்கத்தில் உட்கார்ந்து ஒரே ஒரு சொம்பு வெந்நீரை நீங்கள் ஊற்றுங்கள். நினைப்பு வரும். வந்திருக்கிறது என்று தெரிந்துகொண்டே ஊற்றுங்கள். அடுத்த நாள் இரண்டு சொம்பு. ஒரு வாரம் கழித்து இடம் மாறி உட்காருங்கள்: குழந்தை உங்கள் காலில், சொம்பு அம்மா கையில்.